தியான்ஷானில் இல்லாத ஏரி

"ராக்கி மலைத்தொடர் வட அமெரிக்காவின் மேற்குப் பகுதியில், கனடாவில் தொடங்கி நியூ மெக்சிகோ வரை நீண்டு கிடக்கிறது" என்று வாசித்து முடித்தபோது அம்சவேணியின் குரல் கடைசிச் சொல்லில் மெத்தென்று இறங்கி உட்கார்ந்தது. அதில் அவளுக்கு எப்போதும்போல ஒரு சின்ன சந்தோஷம். அந்த சந்தோஷம் முகத்தில் இருக்கும்போதே தாளிலிருந்து கண்ணை எடுத்து, மைக்குக்கு மேலே மாட்டியிருந்த திரையைப் பார்த்தாள். பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கான பாடம் அது, உலகின் மலைத்தொடர்களும் அவை இருக்கும் இடங்களும். அவள் வாசிக்க வாசிக்க அந்தந்த மலையின் படம் திரையில் வரும், வாக்கியமும் படமும் ஒன்றாக முடிய வேண்டும், அவ்வளவுதான் வேலை. ராக்கி மலை என்று எழுத்துப் போட்டுத் திரையில் நின்றது அவள் மகளின் ஏரி. பச்சையும் நீலமும் கலந்த அதே தண்ணீர், கரையில் கவிழ்த்துப் போட்டிருந்த அதே சிவப்புப் படகு, இடது பக்கம் தண்ணீரை எட்டிப் பார்ப்பதுபோலச் சாய்ந்திருந்த அதே பைன் மரம், பின்னால் மூன்று உச்சிகள், நடு உச்சியின் கழுத்தில் மட்டும் துண்டு போட்டதுபோல ஒரு மேகம். பொங்கல் கழிந்த வாரத்தில் கிர்கிஸ்தானிலிருந்து சம்யுக்தா அனுப்பிய படம். அம்மா, நேத்து ஹாஸ்டல்ல எல்லாரும் போனோம், நம்ம தியான்ஷான் மலைக்கு உள்ள இருக்கிற ஏரி, எப்படி இருக்கு பாரு. அன்றிலிருந்து அம்சவேணியின் போனைத் திறந்தால் முதலில் வருவது அந்த ஏரிதான். பால்காரர் பார்த்திருக்கிறார், எதிர்வீட்டு டீச்சர் பார்த்திருக்கிறாள், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து குமிழ்களைத் திருகிக்கொண்டிருக்கிற ஜெரால்டுகூடப் பார்த்துவிட்டு, படிக்கப் போன இடமா சொர்க்கமாக்கா என்று கேட்டிருக்கிறான்.

படம் போய்விட்டது. திரை கறுப்பாகி அடுத்ததற்குக் காத்திருந்தது. பார்த்தேனா, பார்க்கவில்லையா. போனை எடுத்துப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு நிமிஷத்தில் தெரிந்துவிடும், ஆனால் போன் வெளியே ஜெரால்டின் மேஜையில் கிடந்தது, உள்ளே கொண்டுவந்தால் மைக்கில் கிர் என்று இரைச்சல் விழும் என்று அவளே புதிதாக வருகிறவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கிற விதி. தாளைப் பிடித்தால் சரசரப்பது மைக்கில் கேட்கும் என்பதால் தாளை விட்டாள். மலை மாதிரி மலை இருக்காதா, உலகத்தில் எத்தனை மலை, எத்தனை ஏரி, சிவப்புப் படகு எல்லா ஊரிலும் இருக்கும், நம் மெரினாவில் இல்லையா. ஆனால் மேகம்? மேகத்துக்கு என்ன சொல்வது? ஒரு மேகம் இரண்டு நாட்டில் ஒரே மலையின் கழுத்தில் உட்காருமா? காதுக்குள் ஜெரால்டின் குரல் வந்தது. "அக்கா, சூப்பரா வந்துச்சு. அடுத்தது ஆண்டிஸ். ரெடியா?" ரெடி என்று தலையை ஆட்டினாள். தலை ஆடியது. அது அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது.

ஆண்டிஸ் மலைத்தொடர் தென் அமெரிக்காவின் மேற்குக் கரையை ஒட்டி வடக்கிலிருந்து தெற்காக ஓடுகிறது, நிலத்தின்மேல் உள்ள மலைத்தொடர்களில் உலகிலேயே மிக நீளமானது இதுவே. விரல் மரத்துப்போச்சும்மா. தண்ணியில கை வெச்சேன், வெச்சு எடுக்கிறதுக்குள்ள விரல் மரத்துப்போச்சு, என் ரூம்மேட் மெர்லின்தான் அவ கையுறையைக் கழட்டிக் குடுத்தா. போனில் மகள் இதைச் சொன்னபோது அம்சவேணி அடுப்படியில் நின்றுகொண்டு தன் விரலைத் தேய்த்துக்கொண்டாள். அவ்வளவு நிஜமாக இருந்தது அந்தக் குளிர். யாராவது தொடாத தண்ணீருக்கு விரல் மரத்துப்போவார்களா? அதுவும் தை மாதத்தில், அந்த ஊரில் குழாய்த் தண்ணீர்கூட உறைந்துவிடும், பைப்பைத் திறந்தால் காற்றுதான் வரும் என்று அதே வாரத்தில் அதே வாயால் சொன்ன பெண். உறைந்துபோன ஊரில் இந்த ஏரி மட்டும் எப்படி அலையடித்துக்கொண்டிருந்தது, கரையில் எப்படிப் புல் பச்சையாக இருந்தது? அப்போதே கேட்டிருக்கலாம். ஏன் தோன்றவில்லை? அவளுக்குப் பனியைப் பற்றி என்ன தெரியும், பார்த்த மலையெல்லாம் ஏலகிரியும், ரயில் ஜன்னலில் திருத்தணிப் பக்கம் ஓடி மறைகிற மொட்டைக் குன்றுகளும்தான். ஈக்வடார், பெரு, பொலிவியா, சிலி, அர்ஜென்டினா உள்ளிட்ட நாடுகளின் வழியே. சிலியில் நாக்கு கொஞ்சம் தடுக்கியது. "அக்கா, சிலி மட்டும் திரும்பப் போலாமா?" சிலி. சிலி. அர்ஜென்டினா. அதற்குள் அவளுக்கு ஒரு யோசனை வந்தது, வந்த வேகத்தில் கண்ணில் நீர் முட்டியது. பாடம்தான் தப்பு! இந்தப் பாடம் தயாரிக்கிறவர்கள் எங்கிருந்தோ படத்தைத் தேடி எடுத்து ஒட்டுகிறார்கள், தியான்ஷான் ஏரியை எடுத்து ராக்கி என்று ஒட்டிவிட்டார்கள், போன மாதம் நதிகள் பாடத்தில் காவிரி என்று கோதாவரியைக் காட்டவில்லையா, அவள்தானே கண்டுபிடித்துச் சொன்னாள். சிரிப்பு வந்தது. பாவம் பெண்ணைப் போய். "ஜெரால்டு, அந்த ராக்கி மலைப் படம் இருக்கில்ல, ஏரி, படகு. அது ராக்கியே இல்லன்னு நினைக்கிறேன். எங்கருந்து எடுத்தாங்க?" கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவன் குனிந்து எதையோ தட்டிப் பார்ப்பது தெரிந்தது. அவன் உதடு அசைவதற்கும் குரல் காதுக்கு வருவதற்கும் நடுவில் இருந்த துளி நேரத்தில் அவள் சம்யுக்தாவின் ரெட்டைச் சடையை நினைத்தாள், காரணமே இல்லாமல். "இல்லக்கா, கரெக்டாதான் இருக்கு. போட்டோ எடுத்தவர் பேர், ஊர், தேதி எல்லாம் அடியில போட்டிருக்கு. கனடாதான். எடுத்தே பத்து வருஷமாச்சு. ஏன்க்கா?" ஒண்ணுமில்ல, சும்மா கேட்டேன்.

பத்து வருஷத்துக்கு முன்னால் அந்த மேகம் கலைந்துவிட்டது. அப்போது சம்யுக்தா ஆறாம் வகுப்பு. அம்சவேணிக்கு உட்கார வேண்டும்போல இருந்தது, உட்கார இடமில்லை, இந்த அறையில் நின்றுகொண்டுதான் பேச வேண்டும், நின்றால்தான் மூச்சு கீழேயிருந்து வரும். ஆல்ப்ஸ் மலைத்தொடர் ஐரோப்பாக் கண்டத்தின் நடுவே, பிரான்ஸ், இத்தாலி, சுவிட்சர்லாந்து, ஆஸ்திரியா உள்ளிட்ட எட்டு நாடுகளில். அப்படியானால் மற்றப் படங்கள்? பனிக்காட்டில் தனியாக நின்ற குதிரை? ஜன்னல் கம்பி தெரிய, கம்பிக்கு அப்பால் வெள்ளைச் சிகரம், அம்மா இதுதான் என் ரூம்லருந்து தெரியிற வியூ? அந்த ஜன்னல் யாருடைய ஜன்னல்? எந்த நாட்டில் யார் வீட்டுக் கம்பி? தினம் சாயங்காலம் போனில் முதல் கேள்வியே அவளுடையதுதான், இன்னைக்கு மலை எப்படிடி இருக்கு. வெயில் பட்டுத் தங்கமா இருக்கும்மா. இன்னைக்கு மூடிக்கிச்சும்மா, ஒண்ணும் தெரியல. வீடியோவில் வா என்றால் நெட் இழுக்கலம்மா, குரல் மட்டும் போதும், நீதான் குரல்லயே எல்லாம் பாத்துடுவியே. பார்த்துடுவியே! ஆமாம், பார்த்துவிடுவாள் என்றுதான் இருந்தாள். இதே காது, சம்யுக்தாவின் அப்பா திருப்பூரில் கம்பெனியில் இருக்கிறேன், ராத்திரி ஷிப்டு என்று சொல்லிக்கொண்டிருந்தபோது அவர் குரலுக்குப் பின்னால் ஒரு குக்கர் விசில் கேட்டதே, கம்பெனியில் யார் குக்கர் வைத்தது, அந்த ஒரு விசிலைப் பிடித்துக்கொண்டு போய் ஒரு வீடு, ஒரு பெண்பிள்ளை, ஒரு கட்டில் எல்லாவற்றையும் கண்டுபிடித்த காது. ஊரில் யார் குரலில் எந்த இடத்தில் பொய் நுழைகிறது என்று தெரியும். பொய் சொல்லும்போது மூச்சு வாக்கியத்துக்கு முன்னால் வந்துவிடும், உண்மையில் அது வாக்கியத்துக்கு நடுவில் வரும். சம்யுக்தாவின் மூச்சு எங்கே வந்தது? நினைவுக்கு வரவில்லை. கேட்கவே இல்லை. மகளிடம் பேசும்போது அவள் மலையைத்தான் கேட்டுக்கொண்டிருந்தாள், மகளை அல்ல.

அட்லஸ் மலைத்தொடர் ஆப்பிரிக்காவின் வடமேற்கில், மொராக்கோ, அல்ஜீரியா, துனிசியா. யாரோ ஒரு பையனோடு எங்கேயாவது போய்விட்டாளா? போகட்டும், போனால் போகட்டும், அது ஒரு பெரிய விஷயமா, பையன் என்றால் சந்தோஷமாகக்கூட இருக்கலாம். யாராவது பிடித்து வைத்துக்கொண்டு பேச வைக்கிறார்களா? டிரேக்கன்ஸ்பர்க் மலைத்தொடர் தென் ஆப்பிரிக்காவில். அவள் அங்கேதான் இருக்கிறாளா, அல்லது அந்த நாட்டிலேயே இல்லையா? யூரல் மலைத்தொடர் ரஷ்யாவில், ஆசியாவையும் ஐரோப்பாவையும் பிரிக்கும் எல்லையாக. யூரல் என்று சொல்லி முடிக்கும்போதுதான் அந்த நினைப்பு வந்தது. பேசுவது சம்யுக்தாதானா? போன வருஷம் ஒரு கம்பெனிக்காரர்கள் அம்சவேணியைக் கூப்பிட்டு, நாங்கள் தருகிற வாக்கியங்களை ஒரு நாள் முழுக்க வாசித்துக்கொடுங்கள் மேடம், பிறகு நீங்கள் வரவே வேண்டாம், உங்கள் குரலில் எது வேண்டுமானாலும் எங்கள் மிஷினே பேசிக்கொள்ளும் என்றார்கள். ஜெரால்டுதான் தடுத்தான், குடுத்துடாதீங்கக்கா, அப்புறம் நீங்க செத்தாலும் உங்க குரல் வேலைக்குப் போயிட்டிருக்கும் என்று. செத்தாலும். செத்தாலும் குரல் தினமும் சாயங்காலம் போன் செய்து வெயில் பட்டுத் தங்கமா இருக்கும்மா என்று சொல்லுமா? சீச்சீ. என்ன புத்தி இது! முந்தாநாள் தும்மினாளே, தும்மிவிட்டு அம்மா என்றாளே, மிஷின் தும்முமா. தும்மும். தும்ம வைத்தால் தும்மும். காகஸஸ் மலைத்தொடர் கருங்கடலுக்கும் காஸ்பியன் கடலுக்கும் இடையே. குரல் காக என்றே இரண்டு முறை நின்றது. "தண்ணி குடிச்சுக்கோங்கக்கா, அவசரமில்ல" என்றான் ஜெரால்டு. குடித்தாள்.

அடுத்து இமயமலை. இந்தியா, நேபாளம், பூட்டான், சீனா, பாகிஸ்தான். இமயத்துக்கு வரும் படம் எவரெஸ்ட். அதைப் பார்க்காமல் தாளைப் பார்த்தாள். இமயத்துக்குக் கீழே எழுதியிருந்த வரிக்காகத்தான் இன்று காலையில் தலைக்கு ஊற்றி, நல்ல புடவையாக எடுத்துக் கட்டிக்கொண்டு வந்திருந்தாள், குரல் பதிவுக்குப் புடவை எதற்கு, யார் பார்க்கப் போகிறார்கள். தாள் கைக்கு வந்த அன்றைக்கே ஜெரால்டிடம் சொல்லி வைத்திருந்தாள், அந்த ஒரு வரியைத் தனியாக வெட்டிக் குடுப்பா, என் பொண்ணுக்கு அனுப்பணும், அம்மா உன் மலையப் பேசியிருக்கேன்னு. அவனும் மறக்கவில்லை. "அக்கா, உங்க வரி வந்துருச்சு" என்றான், கண்ணாடிக்கு அப்பாலிருந்து கட்டை விரலை உயர்த்திச் சிரித்தான். ஓடிவிடலாமா என்று இருந்தது. கதவு கனமானது, இரண்டு கையாலும் இழுத்தால்தான் திறக்கும். திரையில் ஒரு மலை வந்தது, வறண்டு, பழுப்பாய், தலையில் மட்டும் வெள்ளையாய், ஏரியும் படகும் இல்லாத ஒரு மலை. இதுவரை அவள் பார்த்திராத மலை. இவ்வளவு நாளாக மகள் இருக்கிற ஊரின் மலை எப்படி இருக்கும் என்றே அவளுக்குத் தெரியாது. "தியான்ஷான் மலைத்தொடர் நடு ஆசியாவில், கிர்கிஸ்தான், கஜகஸ்தான், சீனா உள்ளிட்ட நாடுகளில் பரந்து கிடக்கிறது. தியான்ஷான் என்ற சீனச் சொல்லுக்கு வான மலை என்று பொருள்." பேசி முடித்துவிட்டாள். குரல் நடுங்கவில்லை. ஒரு பிசிறு இல்லை. வான மலை என்ற இடத்தில் அழகாக ஒரு புன்னகைகூட அந்தக் குரலில் இருந்தது. அவளுக்கு உடம்பெல்லாம் ஆடிக்கொண்டிருந்தது, குரல் மட்டும் தனி ஆள்போல, அவளைத் தெரியாததுபோல, பளிச்சென்று வெளியே போய்ச் சிரித்துவிட்டு வந்தது. இப்படியும் முடியுமா. இப்படித்தான் முடிந்திருக்கிறது. தாய்க்கு முடிவது மகளுக்கு முடியாதா. "ஒரே டேக்ல ஓகேக்கா!" என்றான் ஜெரால்டு. அவள் காதிலிருந்ததைக் கழற்றி வைத்துவிட்டு இரண்டு கையாலும் கதவை இழுத்தாள்.

போனை எடுத்தபோது ஏரி முகத்துக்கு நேரே வந்தது. படகு, மரம், மேகம், எல்லாம் இருந்த இடத்திலேயே இருந்தன. அவள் அதைப் பார்க்காமல் விரலால் தள்ளினாள். ஜெரால்டு நாற்காலியைத் திருப்பி, அக்கா இன்னும் ஆஸ்திரேலியா பாக்கி இருக்கு என்று ஆரம்பித்தவன் அவள் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொண்டான். வராந்தாவுக்குப் போனாள். வடபழனிச் சாலையின் ஹாரன் சத்தம் அடித்து மேலே வந்துகொண்டிருந்தது, அதற்கு முதுகைக் காட்டி, ஒரு காதை உள்ளங்கையால் அடைத்துக்கொண்டாள். சம்யுக்தாவைக் கூப்பிட்டாள், மணி அடித்தது. மதிய நேரம். அங்கே அரை மணி கூடுதல். எடு, எடுடி. யாராவது எடுங்கள். எடுத்தாள்.

"என்னம்மா, ரெக்கார்டிங் இல்லையா இன்னைக்கு?" அதே குரல், வெயில் அடிக்கிற குரல்.

"எங்க இருக்க?"

"காலேஜ்லதான். பிரேக்கு. மெஸ்ஸுக்குப் போயிட்டிருக்கேன்."

அம்சவேணி கேட்டாள். முதல் முறையாகக் கேட்டாள். மெஸ்ஸுக்கு நடக்கிற பெண்ணின் குரலில் காலடி இல்லை, காற்று இல்லை, கூட நடக்கிற யாரும் இல்லை. சுவரில் பட்டுத் திரும்புகிற சத்தம்கூட இல்லை. நெருக்கமாய், மொத்தையாய், பஞ்சுக்குள் அடைத்ததுபோல இருந்தது அந்தக் குரல். அவளுக்கு அந்தச் சத்தம் நன்றாகத் தெரியும், நாலு பக்கமும் மெத்தை அடித்த அறையில்தான் அவள் பிழைப்பே. சம்யுக்தாவைச் சுற்றிலும் துணி இருந்தது.

"சம்யு, தலைக்கு மேல இருக்கிற போர்வைய எடு."

அந்தப் பக்கம் துணி விலகுகிற சரசரப்பு. குரல் திரும்பி வந்தபோது அது வேறு குரலாக இருந்தது. மணல் போட்டுத் தேய்த்ததுபோல.

"உனக்கு எப்படிம்மா தெரியும்?"

"காலேஜுக்குப் போறியா, இல்லையா?"

"இல்ல."

"எப்பருந்து?"

"தீபாவளிலருந்து."

மாசி பிறந்துவிட்டது. கார்த்திகை, மார்கழி, தை என்று அம்சவேணியின் வாய் தானாக முணுமுணுத்தது. அத்தனை சாயங்காலமும் தங்கமாக இருந்த மலை. யாராவது என்னமாவது பண்ணிட்டாங்களாடி என்று கேட்டாள். யாரும் ஒண்ணும் பண்ணலம்மா, சத்தியமா. பின்ன என்ன. தெரியலம்மா. சம்யுக்தா மூச்சை இழுத்தாள், மூச்சு வாக்கியத்துக்கு நடுவில் வந்தது. "ஒரு நாள் காலைல எந்திரிக்க முடியல. காய்ச்சல்லாம் இல்ல. கால் கீழ வெக்க முடியல, அவ்ளோதான். நாளைக்குப் போயிக்கலாம்னு படுத்தேன். அப்புறம் தினமும் அதே மாதிரி. மெர்லின் ஏதாவது கொண்டுவந்து வெச்சிட்டுப் போவா. அவகிட்ட, எங்க அம்மாகிட்ட சொன்னன்னா ஜன்னல்லருந்து குதிச்சிடுவேன்னு சொல்லி வெச்சிருந்தேன்."

அம்சவேணி வராந்தாச் சுவரைப் பிடித்துக்கொண்டாள். தனக்குத் தோன்றியவற்றில் ஒன்றுகூட இது இல்லை என்பதுதான் அவளை அடித்தது. பையன், கடத்தல், மிஷின் என்று எங்கெங்கோ ஓடினாளே, கட்டிலில் ஒரு பிள்ளை எழுந்திருக்க முடியாமல் கிடக்கும் என்று ஏன் ஒரு நொடிகூடத் தோன்றவில்லை.

"அந்தப் படம்லாம்..."

"நீ கேப்பல்லம்மா. போனை எடுத்ததும் மலை எப்படி இருக்குன்னு. எனக்கு என்ன சொல்றதுன்னு தெரியல. தேடி எடுத்து அனுப்பினேன். உனக்குப் பிடிச்சிருந்துச்சு. எங்க ரூம்லருந்து மலை தெரியாதும்மா. அது அந்தப் பக்கம். வந்ததுலருந்தே தெரியாது."

"என்ன தெரியும்?"

"சுவரு."

"காட்டு."

போன் ஒரு முறை வெட்டி, கட்டம் கட்டமாக உடைந்து, பிறகு படமானது. நெட் நன்றாகத்தான் இழுத்தது. கண்ணாடியின் ஓரமெல்லாம் பனி படிந்த ஒரு ஜன்னல். அதற்கு அப்பால் கை எட்டும் தூரத்தில் பக்கத்துக் கட்டடத்தின் சுவர், பூசாத சாம்பல் கல், நடுவில் துருப்பிடித்த ஒரு குழாய், குழாயின் வாயில் உறைந்து தொங்குகிற அழுக்குப் பனி. வானம் இல்லை. அம்சவேணி அதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். ஏரியைக்கூட இவ்வளவு நேரம் பார்த்ததில்லை.

"இப்ப உன் முகத்தக் காட்டு."

"வேணாம்மா."

"காட்டு சாமி."

படம் திரும்பியது. சிக்குப் பிடித்த தலை, உதடெல்லாம் வெடித்து, கண் உள்ளே போய், கன்னத்து எலும்பு மட்டும் பெரிசாக. ஒரு கணம், ஒரே ஒரு கணம், இது யார் என்று அம்சவேணிக்குத் தெரியவில்லை. தெரியவில்லை என்பது தெரிந்ததும் நல்ல புடவையோடு வராந்தாத் தரையிலேயே உட்கார்ந்தாள். திட்ட வேண்டும் என்று நினைத்தாள், அழ வேண்டும் என்று நினைத்தாள், நாளைக்கே வரேன் இரு என்று கத்த வேண்டும் என்று நினைத்தாள். பாஸ்போர்ட்டே இல்லை அவளிடம். எதுவும் வாய்க்கு வரவில்லை, வாக்கியம் வாக்கியமாய்ப் பேசியே வாழ்ந்தவளுக்கு வாக்கியமே இல்லை.

"சாப்டியா?" என்றாள்.

"இல்லம்மா."

"என்ன இருக்கு பக்கத்துல?"

"ரொட்டி. நேத்து மெர்லின் வெச்சது."

"அத எடு. கட்டில்லயே உக்காந்துக்கோ, எறங்க வேணாம். பிச்சு வாயில போடு. சாயங்காலம் மெர்லின் வந்ததும் அவகிட்ட போனக் குடு, டிக்கெட் போட்டு அவளையே கூட வரச் சொல்றேன். காலேஜ்ல நான் பேசிக்கிறேன். நீ ஒண்ணும் யோசிக்காத."

"நீ போன வெச்சிடாதம்மா."

"வெக்கல."

கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கொண்டு ஜெரால்டு எட்டிப் பார்த்தான். அவள் தலையை அசைக்கவில்லை, அவன் அப்படியே கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே போனான். கீழே ஒரு பஸ் உறுமிக்கொண்டு நின்றது. அம்சவேணி போனைக் காதோடு வைத்து அழுத்திக்கொண்டாள். காய்ந்த ரொட்டி பிய்கிற சத்தம் வந்தது. பிறகு, மெதுவாக, மெல்லுகிற சத்தம். நின்றது.

"அம்மா?"

"இங்கதான் இருக்கேன். நீ மெல்லு."